மெக்சிகோ சிட்டி தெருச் சாப்பாட்டு நடை: முதல் நாள் காலையிலேயே போய்விடுங்கள்

நவம்பர் முதல் வாரத்தில் கணவனும் மனைவியுமாக நான்கு நாள் மெக்சிகோ சிட்டியில் இருக்கப் போகிறீர்கள். உங்களுக்கு எதுவும் ஓடும், உங்கள் மனைவி முட்டைகூடத் தொடாத சைவம். வழிகாட்டியோடு நடந்து தெருக்கடைகளில் சாப்பிட ஆளுக்கு நூறு டாலரை ஒட்டிக் கேட்கிறார்கள், அது தகுமா, எந்தப் பேட்டையில் போவது, வயிறு தாங்குமா என்று கேட்டிருக்கிறீர்கள். அந்த ஊரில் ஆறு வருடம் வேலை பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: தகும். ஆனால் ஒரே ஒரு நடை போதும். அது நீங்கள் போய் இறங்கிய மறுநாள் காலையில் இருக்க வேண்டும். மீதி நாட்களில் நீங்களே பார்த்துச் சாப்பிட்டுக்கொள்ளலாம்.

சாப்பாட்டுக் கடையைக் கண்டுபிடிக்க அந்த ஊரில் ஆள் துணை தேவையில்லை. எந்த மெட்ரோ வாசலில் ஏறி வந்தாலும் நான்கு கடை கண்ணில் படும். நமக்குத் தெரியாதது நேரம். காலை ஏழு மணிக்குப் பெரிய அலுமினியப் பானையோடு மூலையில் நிற்கும், ஆவியில் வெந்த சோள மாவுப் பண்டமான தமால் விற்கும் கடை பத்தரைக்குப் போனால் இருக்காது. சைக்கிளின் பின்னால் நீல பிளாஸ்டிக் விரித்த கூடையில் வரும் கூடைத் தாக்கோ, அதாவது 'தாக்கோஸ் தே கனாஸ்தா', மதியத்துக்குள் தீர்ந்துவிடும். தாக்கோ என்பது தோர்த்தியா என்ற மெல்லிய சோள ரொட்டியில் கறியோ காயோ வைத்து மடித்தது. கற்றாழை மாதிரி இருக்கும் மகேய் மடலில் சுற்றிக் குழிக்குள் விடிய விடிய வேகும் ஆட்டுக்கறி பார்பகோவா சனி, ஞாயிறு காலைச் சாப்பாடு. கம்பியில் குத்திச் சுழல விட்டுச் சுடும் பன்றிக்கறி அல் பஸ்தோர் பொழுது சாய்ந்த பிறகுதான் களைகட்டும். இந்த நேரக் கணக்கு தெரியாமல் மதியம் மூன்று மணிக்குப் பசியோடு கிளம்பி, காய்ந்துபோன எதையோ சாப்பிட்டுவிட்டு, "இதற்கா இவ்வளவு பேச்சு" என்று சொன்னவர்கள் எனக்குத் தெரிந்தே பலர். முதல் நாள் ஒரு நல்ல வழிகாட்டியோடு நான்கு மணி நேரம் நடந்தால், மீதி நாட்களுக்கு எந்த வேளையில் எதைத் தேட வேண்டும் என்று தெரிந்துவிடும். நூறு டாலர் அதற்குத்தான்.

இரண்டாவது காரணம் சோளம். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லாமல் விட மனம் வரவில்லை.

மக்காச்சோளம் மெக்சிகோவில் பிறந்த பயிர். தெற்கே பல்சாஸ் ஆற்றுப் பள்ளத்தாக்கில் தியோசிந்தே என்ற காட்டுப் புல்லிலிருந்து ஏறத்தாழ 9,000 வருடத்துக்கு முன் மக்கள் அதைப் பழக்கி எடுத்தார்கள். காய்ந்த சோளத்தை அப்படியே அரைத்தால் உதிரும், ரொட்டியாகத் தட்ட வராது. அதனால் சுண்ணாம்பு கரைத்த தண்ணீரில் வேகவைத்து, இரவு முழுக்க ஊறவிட்டு, மறுநாள் கழுவித் தோலைப் போக்கி அரைக்கிறார்கள். நம் வெற்றிலைச் சுண்ணாம்பு என்ன பொருளோ அதே பொருள்தான். ஊறிய சோளத்துக்கு நிக்ஸ்தமால் என்று பெயர், அரைத்த மாவு மாசா. சுண்ணாம்பு பட்டதும் மாவுக்குப் பிடிப்பும் ஒரு தனி மணமும் வருகிறது. அதைவிடப் பெரிய காரியம் ஒன்றும் நடக்கிறது: சோளத்துக்குள் உடம்பில் சேராத நிலையில் கட்டுண்டு கிடக்கும் நியாசின் என்ற பி3 வைட்டமின் விடுபடுகிறது. ஸ்பானியர்கள் சோளத்தை ஐரோப்பாவுக்குக் கொண்டுபோனார்கள், இந்தப் பக்குவத்தைக் கொண்டுபோகவில்லை. பிறகு சோளத்தையே நம்பியிருந்த வடக்கு இத்தாலி ஏழைகளும், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்கத் தென் மாநிலத்து ஏழைகளும் பெல்லாக்ரா வந்து தோல் வெடித்து, புத்தி பேதலித்துச் செத்தார்கள். மெக்சிகோக் கிராமத்துப் பெண்கள் அடுப்படியில் தலைமுறை தலைமுறையாகச் செய்துவந்த வேலை அந்த நோயை அண்டவிடாமல் வைத்திருந்தது. தெருக்கடையில் நீங்கள் சாப்பிடும் தாக்கோ, தமால், உள்ளே மசியல் வைத்துத் தட்டும் த்லகோயோ, மடித்துச் சுடும் கெசதியா எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பது இந்த மாவுதான். உள்ளே வைக்கும் கறியும் மேலே ஊற்றும் மிளகாய்ச் சட்னியான சால்சாவும் அதற்குப் பிறகுதான்.

என் முதல் நடையில் வழிகாட்டியாக வந்த பெண் செய்த முதல் காரியம் இதுதான். சான் ஹுவான் சந்தைக்குப் பக்கத்துத் தெருவில், கரி அடுப்பின் மேல் கொமால் என்கிற வட்டக் கல்லை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த ஒரு அம்மாவிடம் கூட்டிப்போனார். வாங்குவதற்கு முன்னால் இரண்டு உருண்டை மாவு கொடுத்து முகர்ந்து பார்க்கச் சொன்னார். ஒன்று அந்த அம்மா வீட்டில் ஊறவைத்து அரைத்துக் கொண்டுவந்த நீலச் சோள மாசா. இன்னொன்று பாக்கெட்டில் விற்கும் உலர் மாவைத் தண்ணீர் விட்டுப் பிசைந்தது. முதல் உருண்டையில் மழை பெய்த மண்ணும் ஈரச் சுண்ணாம்பும் கலந்த மணம். இரண்டாவதில் அட்டைப்பெட்டி மணம். அந்த நிமிடத்துக்குப் பிறகு ஆறு வருடத்தில் ஒரு நாளும் நான் மாவை முகராமல் தோர்த்தியா சாப்பிட்டதில்லை. நல்ல வழிகாட்டி கற்றுத் தருவது இந்த மாதிரிப் பாடம். எந்தக் கடை பிரபலம் என்பதை யாரும் கைபேசியில் பார்த்துக்கொள்ளலாம்.

ஆகவே நடையைப் பதிவு செய்யும் முன் ஒரே ஒரு கேள்வி கேட்டாலும் போதும்: "நாம் போகும் கடைகளில் மாசா எங்கிருந்து வருகிறது?" பதில் தெரிந்தவர் உடனே சொல்லிவிடுவார், உற்சாகமாகவும் சொல்வார். கூடவே இரண்டைக் கேட்டுக்கொள்ளுங்கள். எத்தனை பேர் வருவார்கள், நின்று சாப்பிடும் தெருக்கடைகள் எத்தனை, மேசை போட்ட உணவகங்கள் எத்தனை. எட்டுப் பேருக்கு மேல் என்றால் வேண்டாம். நண்பர்கள் வந்தபோது ஒருமுறை பதினான்கு பேர் கொண்ட குழுவில் மாட்டிக்கொண்டேன். வழிகாட்டி ஒலிபெருக்கியில் பேசினார், நாங்கள் ஒரு சின்னத் தள்ளுவண்டியைச் சுற்றி வளைத்து நின்றோம். தினமும் அங்கே நின்று அவசரமாக இரண்டு தாக்கோ சாப்பிட்டுவிட்டு வேலைக்கு ஓடும் ஆட்கள் எட்டிப் பார்த்துவிட்டுப் போய்விட்டார்கள். கடைக்காரர் முகம் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. அந்த வண்டியில் நான்கு பேர் நிற்கலாம், அவ்வளவுதான். தெருக்கடை அந்தப் பேட்டைக்காரர்களுடையது, நாம் போய் அவர்களுடைய சாப்பாட்டு வேளையைக் கெடுக்கக் கூடாது.

எந்தப் பேட்டை என்றால் என் வாக்கு பழைய நகரத்துக்கு, சென்ட்ரோ இஸ்தோரிகோ என்பார்கள். ரோமா, கொண்டேசா பக்கம் மரநிழலும் அழகான வீடுகளும் உண்டு, நடைகளும் நிறைய நடக்கின்றன. ஆனால் அங்கே வாடகை ஏறி ஏறிப் பழைய கடைகள் பல காணாமல் போய்விட்டன, நடையில் பாதி நேரம் உணவகத்துக்குள் உட்கார்ந்திருப்பீர்கள். சென்ட்ரோவில் அப்படி இல்லை. 1521-இல் ஸ்பானியர்கள் இடித்துப்போட்ட, ஆஸ்தெக் மக்களின் தலைநகரான டெனோச்டிட்லான் நகரத்தின் மேலேயே கட்டிய பேட்டை அது. 1978-இல் மின்வாரியத் தொழிலாளர்கள் பள்ளம் தோண்டும்போது ஒரு பெரிய வட்டக் கல் சிற்பம் தட்டுப்பட்டுத்தான் ஆஸ்தெக் பெருங்கோயிலின் அகழாய்வே தொடங்கியது. தெருவில் விற்றுச் சாப்பிடும் வழக்கமும் அங்கே அவ்வளவு பழையது. 16ஆம் நூற்றாண்டில் ஆஸ்தெக் மக்களின் நாவாட்ல் மொழி கற்று அந்த மக்களிடமே கேட்டு எழுதிய சஹாகுன் என்ற துறவி, சந்தையில் விற்ற தமால் வகைகளை நீளமாகப் பட்டியல் போட்டிருக்கிறார். நல்ல விற்பனையாளர் எப்படி இருப்பார், கெட்டுப்போனதை விற்கும் மோசமான விற்பனையாளர் எப்படி இருப்பார் என்பதையும் சேர்த்தே குறித்திருக்கிறார்.

காலை எட்டரை, ஒன்பதுக்குத் தொடங்கும் நடை பெரும்பாலும் தமாலில் ஆரம்பிக்கும். தமால் என்பது கொழுப்பு சேர்த்து அடித்த மாசாவுக்குள் கறியோ மிளகாயோ வைத்துச் சோளத் தோகையில் சுற்றி ஆவியில் வேகவைத்தது. ஓஹாக்கா பாணி என்றால் வாழை இலையில் வரும், பிரித்ததும் வரும் மணம் உங்களுக்குப் பழகியதாக இருக்கும். தலைநகரத்துக்காரர்கள் அதை முழுசாக ஒரு பன்னுக்குள் வைத்துச் சாப்பிடுகிறார்கள். குவாஹோலோத்தா என்று பெயர். மாவுக்குள் மாவா என்று எனக்கும் முதலில் தோன்றியது. காலை ஐந்து மணிக்கு வீட்டை விட்டுக் கிளம்பி இரண்டு மணி நேரம் பஸ்ஸிலும் மெட்ரோவிலும் வந்து மதியம் மூன்று வரை அடுத்த சாப்பாடு இல்லாத ஆட்களின் காலை உணவு அது என்று தெரிந்த பிறகு புரிந்தது. கூடவே அதோலே, சோள மாவைக் கரைத்துக் காய்ச்சிய கஞ்சி. சாக்லேட் சேர்த்தால் சம்புர்ராதோ.

அடுத்து சான் ஹுவான் சந்தை. வறுத்த வெட்டுக்கிளி சப்புலினேஸ் அங்கே கிடைக்கும், எலுமிச்சையும் மிளகாயும் போட்டிருப்பார்கள், மொறுமொறுவென்று புளிப்பாக இருக்கும், நீங்கள் ஒரு கை அள்ளிப் பார்க்கலாம். எனக்கு அதைவிடக் காய்ந்த மிளகாய்க் கடைகள்தான் பிடிக்கும். குவாஹியோ, ஆர்போல், பசியா, ஆன்ச்சோ என்று மூட்டை மூட்டையாக அடுக்கியிருப்பார்கள். பச்சையாக இருக்கும்போது பொப்லானோ என்று அழைக்கப்படும் காய் காய்ந்ததும் ஆன்ச்சோ ஆகிவிடுகிறது, ஹலபேன்யோவைப் புகையில் காயவைத்தால் சிப்போத்லே. நாம் மிளகாய் என்றால் காரம் என்று நினைக்கிறோம், அவர்கள் ஒவ்வொரு மிளகாயையும் அதன் சுவைக்காகத் தனித்தனியே கேட்டு வாங்குகிறார்கள். உலர்ந்த திராட்சை மாதிரி இனிக்கும் மிளகாய் உண்டு, புகையிலை மணக்கும் மிளகாய் உண்டு. போர்த்துக்கீசியர்கள் கப்பலேற்றிக் கொண்டுவரும் வரை நம் சமையலில் காரத்துக்கு மிளகுதான், அந்தப் பெயரை ஒட்டித்தான் புதிதாக வந்த காய்க்கு மிளகாய் என்று பெயர் வைத்தோம். அது பிறந்த ஊரில் நின்றுகொண்டு அந்த மூட்டைகளைப் பார்க்கும்போது எனக்கு ஒவ்வொரு முறையும் நெஞ்சு நிறையும். பழக் கடையில் சப்போட்டாவைப் பாருங்கள், அந்தச் சொல்லே நாவாட்ல் மொழியின் 'ட்ஸபொட்ல்' வழியாக வந்தது. எதிர்த் திசையிலும் பயணம் நடந்திருக்கிறது. 1565 முதல் 1815 வரை மணிலாவுக்கும் அக்காபுல்கோவுக்கும் ஓடிய கப்பல்களின் வழியே ஆசியாவின் மாம்பழம் மெக்சிகோவின் மேற்குக் கரைக்குப் போனது. இன்றும் அங்கே ஒரு வகை மாம்பழத்துக்கு 'மணிலா' என்றே பெயர். மாங்காய்க் கீற்றில் உப்பும் மிளகாய்த்தூளும் தூவி எலுமிச்சை பிழிந்து தள்ளுவண்டியில் விற்பதைப் பார்த்தால் மெரினாவில் நிற்கிற மாதிரி இருக்கும்.

உங்கள் மனைவிக்கு இந்த நடையில் சாப்பாடு கிடைக்குமா என்ற கவலை வேண்டாம். நிறையக் கிடைக்கும், ஆனால் கவனம் வேண்டும். 'சின் கார்னே', கறி இல்லாமல், என்று மட்டும் சொன்னால் கோழி போட்டுத் தருவார்கள். கார்னே என்றால் பொதுவாக மாடோ பன்றியோதான் அவர்கள் மனதில் வரும். அதைவிடப் பெரிய தடை மந்தேக்கா, பன்றிக் கொழுப்பு. பீன்ஸை அதில் தாளிப்பார்கள், தமால் மாவை அதில் அடிப்பார்கள். மிளகாய்க் கீற்றும் பாலாடைக்கட்டியும் மட்டும் வைத்த தமால் பார்வைக்குச் சைவம், மாவு சைவமில்லை. சோற்றைக் கோழிச் சாற்றில் வடிப்பதும் வழக்கம். ஆகவே இதை ஒரு சீட்டில் ஸ்பானிய எழுத்தில் எழுதிக் கையில் வைத்துக்கொள்ளட்டும், வாயாலும் சொல்லிப் பழகட்டும்: "சோய் வெஹெதரியானா. நோ கோமோ கார்னே, நி பொயோ, நி பெஸ்காதோ, நி வெவோ, நி மந்தேக்கா." கறி, கோழி, மீன், முட்டை, பன்றிக் கொழுப்பு எதுவும் சாப்பிடமாட்டேன் என்று பொருள். நடை நடத்துபவரிடம் பதிவு செய்யும்போதே இதைத் தெரிவித்து, மாற்றாக என்ன தருவீர்கள் என்று கேளுங்கள். "சாலட் தருவோம்" என்று வந்தால் வேறு ஆளைப் பாருங்கள். "த்லகோயோ தருவோம், பூசணிப்பூ கெசதியா தருவோம்" என்று வந்தால் விஷயம் தெரிந்தவர்.

த்லகோயோ என்பது ஸ்பானியர்கள் வருவதற்கு முன்பே இருந்த பண்டம். நீலச் சோள மாசாவை நீள்வட்டமாகத் தட்டி, உள்ளே பீன்ஸ் அல்லது அவரை இனத்து ஆபா மசியலை வைத்து மூடி, எண்ணெய் இல்லாமல் கொமாலில் சுட்டு, மேலே நறுக்கிய நோபால், வெங்காயம், கொத்தமல்லி, உதிர்த்த பாலாடைக்கட்டி, சால்சா போடுவார்கள். நோபால் என்பது முள் நீக்கிய சப்பாத்திக்கள்ளி மடல். வெண்டைக்காய் மாதிரிக் கொஞ்சம் வழவழப்பு, கொஞ்சம் புளிப்பு. உள்ளே வைக்கும் மசியலில் மந்தேக்கா உண்டா என்று மட்டும் கேட்டுக்கொண்டால் போதும். அந்த நகரத்தில் சைவர்களுக்கு இதைவிட நல்ல தெருச் சாப்பாடு எனக்குத் தெரியாது, கறி சாப்பிடுகிற நானே வாரம் இரண்டு முறை இதைத்தான் சாப்பிட்டேன். கெசதியாவிலும் பூசணிப்பூ, காளான், விட்லகோச்சே என்று சைவ வகைகள் உண்டு. விட்லகோச்சே சோளக் கதிரில் மணிகளைப் பிடித்து வளரும் ஒரு பூஞ்சை. வேறு நாட்டு விவசாயிகள் நோய் என்று பிடுங்கி எறிவதை இவர்கள் கூடுதல் விலை கொடுத்து வாங்குகிறார்கள். கறுப்பாக இருக்கும், மண்ணும் இனிப்பும் கலந்த சுவை. ஒரு விஷயம்: மற்ற ஊர்களில் கெசதியா என்றால் பாலாடைக்கட்டி இருக்கும், தலைநகரத்தில் 'கோன் கேசோ' என்று தனியாகக் கேட்டால்தான் வைப்பார்கள். இதை வைத்து நாட்டின் மற்ற பகுதிக்காரர்கள் தலைநகரத்துக்காரர்களை இன்றும் சீண்டுகிறார்கள். கெசதியாவைக் கொமாலில் சுட்டதாகக் கேளுங்கள், பொரித்தது வேண்டாம். பொரிக்கும் கொழுப்பு என்னவென்று சொல்ல முடியாது. மசாலா போட்ட சோள மணிகளான எஸ்கித்தேஸையும் கேட்டுவிட்டு வாங்குங்கள், சில இடங்களில் கோழிக்கால் போட்டு வேகவைப்பார்கள், மேலே போடும் மயோனைசில் முட்டையும் உண்டு.

குடிக்க ஹமாய்க்கா தண்ணீர் நன்றாக இருக்கும். நம் புளிச்சகீரை இனத்துச் செடியின் சிவப்புப் புல்லிவட்டத்தைக் கொதிக்கவைத்து எடுப்பது. புளித்தண்ணீர் ஆசை இருந்தால் தமரிந்தோ என்று கேளுங்கள். சில நடைகள் புல்கே கடைக்கும் கூட்டிப்போகும். மகேய் செடியின் நடுவில் குடைந்தெடுத்த இனிப்புச் சாற்றைப் புளிக்கவைத்தது புல்கே, வெள்ளையாக, கொழகொழவென்று இருக்கும். கள் குடித்துப் பழகியவர்களுக்கு மணம் வேற்றாகத் தெரியாது. ஒரு சின்ன டம்ளரோடு நிறுத்துங்கள். நகரம் 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, ஊட்டிக்குச் சமம். முதல் இரண்டு நாள் மாடிப்படி ஏறினாலே மூச்சு வாங்கும், மது சீக்கிரம் தலைக்கு ஏறும். நான்கு மணி நேர நடைக்கு முந்தின இரவு நன்றாகத் தூங்கி, வெறும் வயிற்றோடு போங்கள்.

இனி வயிறு. ஆறு வருடத்தில் எனக்கு ஒரே ஒரு முறைதான் பெரிதாகக் கெட்டது. காரணம் தெருக்கடை இல்லை, ஒரு பெரிய விடுதியின் காலை விருந்தில் வெட்டி வைத்து நெடுநேரம் கிடந்த பழம். கொமாலிலிருந்து நேராகக் கைக்கு வரும் பண்டத்தில் கிருமி பிழைத்திருக்க வழி குறைவு. ஆபத்து பச்சையாகவும் ஆறியதாகவும் இருப்பவற்றில்தான். வெட்டி வைத்த பழம், நெடுநேரம் திறந்து கிடக்கும் சால்சா, குழாய்த் தண்ணீர். குழாய்த் தண்ணீரை அந்த ஊர்க்காரர்களே குடிப்பதில்லை, வீடுகளுக்கு இருபது லிட்டர் கேன் வருகிறது. கடைகளில் உள்ளூர் ஆட்கள் கூட்டமாக நிற்கிறார்களா, காசு வாங்கும் கை மாவைத் தொடாமல் இருக்கிறதா என்று பாருங்கள். தட்டின் மேல் பிளாஸ்டிக் பை மாட்டித் தருவார்கள், ஒவ்வொரு ஆளுக்கும் பையை மாற்றிவிடுவார்கள். தண்ணீர் வசதி இல்லாத வண்டியில் தட்டைச் சுத்தமாக வைத்திருக்க அவர்கள் கண்டுபிடித்த வழி அது. முகம் சுளிக்க வேண்டாம், பை புதிதாக இருந்தால் நல்ல அறிகுறி. முதல் நாளே எட்டுப் பத்து வகை சாப்பிடும்போது ஒவ்வொன்றிலும் பாதியோடு நிறுத்தினாலும் யாரும் தவறாக நினைக்கமாட்டார்கள்.

நடந்து போகும்போது வண்டிகளின் மேல் தீட்டியிருக்கும் எழுத்துகளையும் படங்களையும் கவனியுங்கள். கண்ணீர் விட்டுச் சிரிக்கும் பன்றி, தொப்பி போட்ட சோளக் கதிர், வளைந்து வளைந்து போகும் எழுத்து. ரோத்துலோ என்று சொல்கிறார்கள், கையால் எழுதுவது. 2022-இல் சென்ட்ரோவையும் ரோமாவையும் உள்ளடக்கிய குவாதெமோக் வட்டார நிர்வாகம் ஒழுங்கு என்ற பெயரில் இந்தப் படங்களையெல்லாம் அழித்து வெள்ளையடிக்க வைத்துத் தன் சின்னத்தைப் பதித்தது. ஓவியர்களும் மக்களும் கூடி எதிர்த்தார்கள், பல கடைகள் மறுபடி எழுதிக்கொண்டன. இன்னும் சில வண்டிகளில் வெள்ளைப் பூச்சு அப்படியே இருக்கும், பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். ஒரு பன்றிப் படத்தை எழுதிய ஆளுக்கு அதில்தான் பிழைப்பு.

காலை நடைக்கு லா மெர்சே சந்தையைத் தரும் வழிகாட்டிகளும் உண்டு. மெட்ரோவில் இறங்கிப் படியேறினால் நேராகச் சந்தைக்குள்ளேயே முளைப்பீர்கள். 1957-இல் கட்டிய கட்டடம், 1982-இல் நகரத்தின் இஸ்தபலாப்பா பகுதியில் மொத்த விற்பனைச் சந்தை வரும் வரை ஊருக்கே சோறு போட்ட இடம். என்னைக் கேட்டால் சான் ஹுவானைவிட லா மெர்சேதான் உண்மையான சந்தை, சான் ஹுவானில் உணவகச் சமையல்காரர்களும் வெளியூர்க்காரர்களும் அதிகம். ஆனால் லா மெர்சேயில் வழி தப்பும், பாக்கெட் அடிப்பும் உண்டு. துணையோடு போக வேண்டிய இடம் என்றால் இதுதான். உங்கள் நடை அங்கே போகிறதென்றால் யோசிக்காமல் எடுத்துக்கொள்ளுங்கள்.

நவம்பர் முதல் வாரம் போவது உங்கள் அதிர்ஷ்டம். 1, 2 தேதிகளில் இறந்தவர்கள் வீட்டுக்கு வரும் நாள். வீடுகளிலும் கடைகளிலும் படையல் மேசை போட்டு, போனவருக்குப் பிடித்த தமாலும், மிளகாய் அரைத்த கெட்டிக் குழம்பான மோலேயும், பழமும் வைத்திருப்பார்கள். 'பான் தே முயெர்த்தோ' என்ற ஆரஞ்சு மணக்கும் சீனி தூவிய ரொட்டி அந்தப் பருவத்தில்தான் சரியாக இருக்கும். 1927-இலிருந்து சென்ட்ரோவில் இருக்கும் ஐதியால் ரொட்டிக் கடையில் தட்டைக் கையில் எடுத்துக்கொண்டு நீங்களே பொறுக்கலாம். நாள் சரியாக அமைந்தால் ஹமாய்க்கா பூச்சந்தைக்குப் போய்ப் பாருங்கள். செம்பசூச்சில் என்று மலை மலையாகக் குவித்திருப்பது நம் ஊரில் மாலை கட்டும் துலுக்கச் சாமந்தியேதான். அந்தச் செடியும் மெக்சிகோவிலிருந்து வந்ததுதான். அதே சந்தையில் செருப்பு வடிவத்தில் நீளமாகத் தட்டிய வராச்சே சாப்பிடலாம், உள்ளே பீன்ஸ் இருக்கும், மந்தேக்காவைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

ராத்திரிக்கு வழிகாட்டி வேண்டாம், நீங்களே போங்கள். அல் பஸ்தோர் சாப்பிட நார்வார்தே பேட்டை. எல் வில்சித்தோ என்ற கடை பகலில் கார் பழுது பார்க்கும் பட்டறை, பொழுது சாய்ந்ததும் தாக்கோ கடை. லெபனானிலிருந்து வந்தவர்கள் பூவெப்லா நகரத்தில் கம்பியில் சுட்ட ஆட்டுக்கறியை ரொட்டியில் சுற்றி விற்கத் தொடங்கினார்கள். மெக்சிகோ அதைத் தன் கைக்கு எடுத்து, ஆட்டுக்குப் பதில் பன்றி, ரொட்டிக்குப் பதில் தோர்த்தியா, மசாலாவில் குவாஹியோ மிளகாயும் அச்சியோத்தே என்ற சிவப்பு விதையும், உச்சியில் ஒரு அன்னாசி என்று மாற்றிவிட்டது. தாக்கோகாரர் கறியைச் சீவிவிட்டுக் கத்தி நுனியால் அன்னாசியை ஒரு சீவு சீவுவார், துண்டு பறந்து வந்து தாக்கோவில் விழும். சென்ட்ரோவிலேயே சாப்பிட வேண்டுமென்றால் 1959-இலிருந்து இருக்கும் எல் ஊவெகித்தோ. பொலிவார் தெருவில் லோஸ் கோகூயோஸ் என்ற ஆளுயரக் கடையில் சுவாதேரோ, நாக்கு, குடல் எல்லாம் ஒரே பெரிய வட்டச் சட்டியில் கொழுப்பில் வெந்துகொண்டிருக்கும். சுவாதேரோ மாட்டிறைச்சி, அந்தக் கொழுப்பில் பன்றியும் கலந்திருக்கும். இரண்டில் ஒன்றைத் தவிர்ப்பவர் என்றால் அந்தச் சட்டி வேண்டாம். 2024-இல் மிஷலின் நட்சத்திரம் வாங்கிய எல் கலீஃபா தே லெயோன் சான் ரஃபாயேல் பேட்டையில் இருக்கிறது, 1968-இலிருந்து நடக்கும் சின்னக் கடை. மெல்லிய மாட்டிறைச்சித் துண்டு, உப்பு, எலுமிச்சை, அப்போதே தட்டிச் சுட்ட தோர்த்தியா, வேறொன்றும் இல்லை. நன்றாகவே இருக்கும். ஆனால் வரிசை நீளம், நான்கு நாளில் ஒரு மணி நேரத்தை அதற்குக் கொடுப்பேனா என்றால் மாட்டேன். மனைவிக்கு ராத்திரியில் சாப்பிட, 1935-இலிருந்து நடக்கும் எல் மோரோவில் நீளமாகப் பிழிந்து பொரித்துச் சீனி தூவிய சுர்ரோ சுடச்சுடவும், சாக்லேட்டும் இருக்கிறது.

தாக்கோ கடையில் நடந்துகொள்ளும் முறை எளிது. போனதும் "புவேனாஸ் நோச்சேஸ்", இரவு வணக்கம், என்று சொல்லுங்கள், சொல்லாமல் நேராக வேண்டியதைக் கேட்பதை அவர்கள் மரியாதைக் குறைவாக நினைப்பார்கள். "தோஸ் தே பஸ்தோர், கோன் தோதோ" என்றால் வெங்காயம் கொத்தமல்லியோடு இரண்டு வரும். முதலிலேயே ஐந்து கேட்காதீர்கள், இரண்டிரண்டாகக் கேளுங்கள், ஆறினால் போச்சு. சால்சாவைத் தொடும் முன் "பீக்கா?", காரமா, என்று கேட்டு, இல்லை என்று சொன்னாலும் ஒரு சொட்டு வைத்துப் பாருங்கள். நம்மவர்கள் காரம் நமக்குப் பழக்கம் என்று அள்ளி ஊற்றிக்கொண்டு திணறுவதை நிறையப் பார்த்திருக்கிறேன். ஆர்போல் மிளகாய்ச் சால்சா நம் காரத்தைப் போல நாக்கில் நிற்காது, தொண்டையில் போய்ப் பிடிக்கும். பக்கத்தில் சாப்பிடுகிறவர் கிளம்பும்போது உங்களைப் பார்த்து "ப்ரொவேச்சோ" என்பார், நன்றாகச் சாப்பிடுங்கள் என்று பொருள். "கிராசியாஸ்" என்று திருப்பிச் சொன்னால் போதும், நீங்கள் கிளம்பும்போது நீங்களும் சொல்லிவிட்டுப் போங்கள். காசு கடைசியில்தான். எத்தனை சாப்பிட்டீர்கள் என்று கடைக்காரர் கேட்பார், நீங்கள் சொல்லும் எண்ணிக்கையை நம்பி வாங்கிக்கொள்வார். ஆகவே எண்ணிக்கொண்டே சாப்பிடுங்கள். 500 பெசோ நோட்டை நீட்டினால் சில்லறை இருக்காது, காலையிலேயே எங்காவது மாற்றி 20, 50 பெசோ நோட்டுகளாக வைத்துக்கொள்ளுங்கள். வண்டியில் சில்லறை டப்பா இருந்தால் மீதிக் காசை அதில் போடலாம், நடை முடிந்ததும் வழிகாட்டிக்குப் பத்துப் பதினைந்து சதவீதம் கொடுப்பது அங்கே வழக்கம்.

நான்காவது நாள் ஞாயிற்றுக்கிழமையாக அமைந்தால் காலை பத்து மணிக்குள் பார்பகோவா சாப்பிட்டுவிடுங்கள். முதலில் குழிக்கடியில் வடிந்த சாறான கொன்சோமே ஒரு கிண்ணம், பிறகு கறி. பன்னிரண்டுக்குப் போனால் எலும்புதான் மிச்சம் இருக்கும்.